மிதி மெஷினில் ஜீன்ஸ் துணி தைக்க முடியுமா?

கேள்வி: வீட்டில் கணவரும் மகனும் உடுத்திக் கழித்த ஜீன்ஸ் பேண்டுகள் ஐந்து உள்ளன. அவற்றைக் கொண்டு பதிமூன்று வயது மகளுக்குப் பாவாடை தைக்க முயன்றதில், மிதி மெஷினில் மூன்று ஊசிகள் முறிந்துவிட்டன. தெரிந்தவர் ஒருவர் பவர் மெஷின் (மோட்டாரில் ஓடும் பெரிய தையல் மெஷின்) வாங்கித் தருவதாகவும், பழைய ஜீன்ஸில் தைத்துத் தரும் உருப்படிகளைத் திருப்பூர் ஏற்றுமதிக்கு எடுத்துக்கொள்வதாகவும் கூறி முன்பணம் கேட்கிறார். கொடுக்கலாமா? (கோபிசெட்டிபாளையம் வாசகி)

பதில்: கொடுக்க வேண்டாம். ஊசி முறிந்ததற்கு உங்கள் மெஷின் காரணமன்று. ரவிக்கை தைக்கும் ஊசியை வைத்துக்கொண்டு நான்கு மடிப்பு ஜீன்ஸ் துணியில் ஏறினால் எந்த மெஷினிலும் அது முறியும். 16ஆம் எண் ஊசியும், அங்குலத்துக்கு ஏழெட்டுத் தையல் விழும் நீளமும் போதுமானவை. மடிப்பு தடித்த இடங்களுக்கு மட்டும் 18ஆம் எண் ஊசியைப் போட்டுக்கொள்ளுங்கள். கடையில் வெறுமனே ஜீன்ஸ் ஊசி என்று கேட்டால் பவர் மெஷின் ஊசியை எடுத்துக் கொடுத்துவிடக்கூடும். அதன் தண்டு உருண்டையாக இருக்கும், வீட்டு மெஷின் ஊசியின் தண்டோ ஒரு பக்கம் தட்டையாக இருக்கும். பழைய ஊசி ஒன்றைக் கையில் கொண்டுபோய்க் காட்டி வாங்குங்கள். தையல்கள் கூடும் மேட்டைச் சுத்தியலால் தட்டித் தணித்து, பிரஷர் ஃபுட் (துணியை அழுத்திப் பிடிக்கும் பாதம்) மேடேறும்போது அதன் பின்புறத்தில் அதே கனத்துக்கு மடித்த அட்டையைக் கொடுத்து, சக்கரத்தைக் கையால் சுற்றிக் கடந்துவிடுங்கள்.

அந்தத் தெரிந்தவரைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டியுள்ளது. வேலை கொடுப்பவர் கூலி கொடுக்க வேண்டும். வேலை செய்பவரிடமே பணம் கேட்பவருக்கு மெஷின் விற்பதுதான் தொழில். திருப்பூர் அடிப்படையில் பனியன் துணி ஊர் என்பது கோபியில் இருக்கும் உங்களுக்குத் தெரியாததன்று. ஏற்றுமதி ஆர்டர் என்றால் ஆயிரம் உருப்படியும் ஒரே அளவில், ஒரே நிறத்தில் இருக்க வேண்டும். ஆளுக்கொரு விதமாக வெளுத்த பழைய பேண்டுகளில் அது எப்படி வரும்? அந்த வேறுபாட்டையே காரணமாகக் காட்டி, செக்கிங்கில் கழிந்துவிட்டது என்று உருப்படிகளைத் திருப்பிவிடுவார்கள். என்னிடம் தையல் பழகிய இருவர் இப்படித்தான் முன்பணத்தை இழந்து, வீட்டு மின் இணைப்பில் ஓட்டத் தயங்கும் பெரிய மெஷினைக் கட்டிலருகே நிறுத்தி வைத்திருக்கிறார்கள். பீஸுக்கு என்ன கூலி, பிரிக்கும் நேரத்துக்கு என்ன கூலி என்று எழுதித் தரச் சொல்லுங்கள். பெரும்பாலும் அதற்குப்பின் ஆள் வரமாட்டார். ஒரு பேண்டைப் பிரிக்கவே ஒரு மணி நேரம் போய்விடும். காலர் வரைவதற்கு வாரக்கணக்கில் ஒதுக்கும் பயிற்சி வகுப்புகள், தைத்ததைப் பிரிக்க ஒரு நாள்கூட ஒதுக்குவதில்லை. சான்றிதழ் மட்டும் தவறாமல் கொடுத்துவிடுகின்றன.

இனி பாவாடைக்கு வருவோம். உங்கள் கணவருடைய பேண்டின் இடுப்பை மகளுக்குக் குறைக்க முயல வேண்டாம். பின் நடுவில் இரண்டு அங்குலத்துக்கு மேல் பிடித்தால் பின் பாக்கெட்டுகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். உள்பாவாடைக்கு ஆறு பீஸ் வெட்டுவதைப் போலவே இதையும் வெட்டுங்கள். இரண்டு பேண்டுகளின் கால்களை முழுவதும் பிரித்தால் எட்டுத் துண்டுகள் கிடைக்கும். கணுக்கால் பக்கம் குறுகலாகவும் தொடைப் பக்கம் அகலமாகவும் இருப்பதால், தலைகீழாகத் திருப்பிக் குறுகலான முனையை இடுப்புக்கு வைத்தால், பாவு இழை (நெடுக்கு இழை) நேராகவே நின்று, பாவாடை தானாக விரிந்து விழும். தொடையின் உட்புறம் தேய்ந்து மெலிந்திருக்கும். அந்த ஓரத்தை இரக்கமின்றி வெட்டி எறியுங்கள்.

மகனுடைய பேண்டுகளில்தான் சிக்கல். இக்கால ஜீன்ஸ்களில் பெரும்பாலும் ஊடை இழையில் (குறுக்கு இழையில்) லைக்ரா என்னும் இழுபடும் இழை கலந்திருக்கும். எவ்வளவு என்பதைச் சொல்லும் லேபிள் நான்கு துவைப்பில் வெளுத்துவிடுகிறது. அழியாத எழுத்தில் அச்சிடக் கம்பெனிகளுக்கு என்ன தடை என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. எனவே கையால்தான் சோதிக்க வேண்டும். துணியின் குறுக்கே 10 செ.மீ. அளந்து இழுத்துவிடுங்கள். முழுவதும் திரும்பிவந்தால் தைக்கலாம். முழங்கால் பகுதியில் திரும்பிவராமல் தொங்கினால் லைக்ரா செத்துவிட்டது என்று பொருள். அதைப் பாக்கெட்டுக்குத் தவிர வேறெதற்கும் பயன்படுத்த வேண்டாம். நன்றாக இருக்கும் துணியையும் குறுக்கு இழை நெடுக்காக வரும்படி திருப்பி வெட்டினால், பாவாடை நாளடைவில் கீழே இறங்கும். விறைப்பான துணியோடு இதைச் சேர்த்துத் தைத்தால் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு சுருங்கும். ஆகவே கணவருடைய இரண்டு பேண்டுகள் மட்டுமே இந்தப் பாவாடைக்கு உரியவை.

கறுப்புச் சாயம் ஏற்றினால் புதிதாகிவிடும் என்று யாரேனும் சொன்னால் நம்ப வேண்டாம். பருத்திச் சாயம் பாலியெஸ்டர் தையல் நூலில் ஏறாது. பழைய தையல்கள் கோடுகோடாகத் தெரியும். மேலும், சாயக் கழிவுநீரால் ஆறு கெட்டு, 2011இல் உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்ன நொய்யல் கரை நமக்குத் தொலைவில் இல்லை. சாயம் கலந்த தண்ணீரை உங்கள் தென்னை மரத்தடியில் ஊற்றவும் தோன்றாது.

இடுப்புக்கு முரட்டுத் துணி வேண்டாம். முன்பே ஒருமுறை நனைத்து உலர்த்திய பருத்திப் பட்டையில் எலாஸ்டிக் கோத்து, பிரிந்த ஓரங்களை அருகிலுள்ள ஓவர்லாக் கடையில் கொடுத்து அடித்து வாங்கிக்கொள்ளுங்கள்.