மொக்கையனாக வந்த பேராசிரியர்

கேள்வி: 'கருத்தம்மா' படத்தில் கருத்தம்மாவின் அப்பாவாக வந்தவர் நிஜத்தில் கல்லூரிப் பேராசிரியராமே?

பதில்: ஆமாம், பெரியார்தாசன். இயற்பெயர் சேஷாசலம், சென்னை பச்சையப்பன் கல்லூரியில் தத்துவம் நடத்தியவர். மேடை மேடையாகப் பகுத்தறிவு பேசிக்கொண்டிருந்த மனிதரைப் பிடித்துவந்து, பெண் சிசு பிறந்தால் கொல்லச் சொல்கிற மொக்கையனாக 1994-இல் நிறுத்தினார் பாரதிராஜா. அந்தக் கிராமத்து அப்பனிடம் வாத்தியார் வாடை துளியும் கிடையாது, பார்த்தால் பற்றிக்கொண்டு வரும்! அப்புறமும் பல படங்களில் நடித்தார், ஆனால் எதுவும் மொக்கையனைத் தாண்டவில்லை என்பது என் கட்சி.

சொந்த வாழ்க்கையிலும் சும்மா இருந்தவரில்லை. நாத்திகம், பௌத்தம் என்று போய், 2010-இல் இஸ்லாத்தைத் தழுவி அப்துல்லா ஆனார். அதையும் ஒளிக்காமல் மேடையேறிப் பேசினார். 2013 ஆகஸ்டில் காலமானார்.