திரைக் கேள்விகள்: லிஸ்பனின் கடைக்கார அப்பா

கேள்வி: பழைய போர்ச்சுகல் படங்கள் இரண்டு பார்த்தேன். இரண்டிலும் ஹீரோவை விட, மகளைப் பெற்ற கடைக்காரராக வருகிற பெரியவர்தான் மனதில் நின்றார். நம் டி.எஸ். பாலையா ஞாபகம் வந்தது. யார் அவர்?

பதில்: அன்டோனியோ சில்வா. எனக்கு உயிர் அவர் நடிப்பு என்றால். 1886-ல் லிஸ்பனில் பிறந்தார். ‘லிஸ்பன் பாட்டு’ என்று அர்த்தம் வரும் பெயரில் 1933-ல் ஒரு படம் வந்தது. முழுக்க போர்ச்சுகலிலேயே எடுத்த முதல் பேசும் படம். அதில் தையல்காரர் கயெத்தானோவாக வரும்போது அவருக்கு வயது 47! மகள் காதலிப்பது படிக்காமல் ஊர் சுற்றும் மருத்துவ மாணவனை. அப்பாவுக்கு அவனைக் கண்டாலே ஆகாது. அவனுடைய அத்தைமார் வசதியானவர்கள் என்று தெரிந்ததும் ஆள் அப்படியே தலைகீழ். ஆனாலும் நமக்கு அவர் மேல் வெறுப்பே வராது.

1942-ல் வந்த ‘ஓ பாத்தியோ தாஸ் கந்திகாஸ்’ படத்தில் பெயிண்ட், சோப்பு விற்கிற கடைக்காரர் எவரிஸ்தோ. “எவரிஸ்தோ, இது இருக்கா உங்கிட்ட?” என்று எதுகையோடு ஒரு வரி, அதைக் கேட்டால் போதும், மனிதருக்கு ஆவேசம் வந்துவிடும். அந்தக் கோபத்தைக் கவனித்துப் பாருங்கள். நாலு பேர் முன்னால் மானம் போகிறதே என்று துடிக்கிற ஒரு சின்ன வியாபாரியின் கோபம் அது. சிரிக்க வைக்க வேண்டும் என்று அவர் எதுவுமே செய்வதில்லை. எவரிஸ்தோவுக்கு அது வாழ்வா சாவா பிரச்சினை. அதனால்தான் நாம் சிரிக்கிறோம். எதிரே குடிகார நர்சிசோவாக வாஸ்கோ சந்தானா. விளக்குக் கம்பத்தோடு பேசுகிறாரே, அவரேதான். இருவரும் ஒருவரை ஒருவர் அமுக்கப் பார்ப்பதில்லை. 2015-ல் இந்தப் படத்தைத் திரும்ப எடுத்தார்கள். எனக்குப் பழையதுதான்.

கேள்வி: அவருக்கு நாடகப் பின்னணி உண்டா?

பதில்: நாடகம்தான் அவர் வீடு. சினிமாவில் பெயர் எடுப்பதற்கு வெகுகாலம் முன்பே மேடை ஏறியவர். ஒரு குழுவோடு பிரேசிலில் சில வருடங்கள் இருந்தார். அப்புறம் லிஸ்பனில் ‘ரெவிஸ்தா’. பாட்டு, ஆட்டம், துணுக்கு நாடகம், அரசியல் கிண்டல் எல்லாம் கலந்த மேடை நிகழ்ச்சி அது. 1922-ல் தொடங்கிய பார்க்கே மையர் என்ற அரங்க வளாகம் அதற்குப் பேர்போனது. போர்ச்சுகலின் சர்வாதிகாரி சலாசார் ஆட்சியில் வசனம் தணிக்கைக்குப் போய் நீலப் பென்சிலில் அடிபட்டுத்தான் திரும்பும். வெட்டியதை ஒரு பார்வையில், ஓர் இடைவெளியில் சொல்ல வேண்டிய கட்டாயம் மேடைக் கலைஞர்களுக்கு. அன்டோனியோ சில்வா வசனத்துக்கு நடுவே நிறுத்தும் விதத்தில் அந்தப் பயிற்சி நன்றாகத் தெரிகிறது.

இன்னொன்று: தொண்டர் தீயணைப்புப் படையிலும் இருந்தவர் அவர். 1971-ல் காலமானார்.

கேள்வி: எந்தப் படத்தில் ஆரம்பிக்கலாம்?

பதில்: 1947-ல் வந்த ‘ஓ லியாவ் த எஸ்த்ரேலா’. ஸ்போர்ட்டிங் என்ற லிஸ்பன் கால்பந்து அணியின் வெறி பிடித்த ரசிகர் அனஸ்தாசியோ, லிஸ்பன்காரர். ஆட்டம் பார்க்கப் போர்த்தோ நகரத்துக்குப் போகிறார். அங்கே ஒரு பணக்காரர் வீட்டில் தாமும் பெரிய பணக்காரர்தான் என்று நடித்தாக வேண்டும். நடிக்கத் தெரியாத மனிதர் நடிக்கிற மாதிரி ஒரு பெரிய நடிகர் நடிப்பதை அதில் பாருங்கள்.