தவணையில் ஐயாயிரம் குறைந்தால் லாபமா?

கேள்வி: வீடு வாங்க வங்கியில் 50 லட்சம் கடன் கேட்டிருக்கிறோம். வட்டி 8.5 சதவீதம், ஃப்ளோட்டிங். 20 ஆண்டு என்றால் மாதத் தவணை 43,391. 30 ஆண்டு என்றால் 38,446 என்று எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். “மாசம் கிட்டத்தட்ட ஐயாயிரம் மிச்சமாகுது, முப்பதே இருக்கட்டும்” என்கிறார் என் கணவர். மாமனாரோ, “ஐம்பது வாங்கி ஒரு கோடி கட்டுறதா? பேசாம வாடகை வீட்டுலயே இருங்க” என்கிறார். இருவருக்கும் நடுவில் நான். உண்மையில் இந்தக் கடன் எங்களுக்கு எவ்வளவு செலவு வைக்கும்?

— பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: அன்புச் சகோதரி, உங்கள் மாமனார் சொன்ன கூட்டல் சரி. 43,391-ஐ 240 மாதம் கட்டினால் 1 கோடியே 4 லட்சம். வட்டி மட்டும் 54 லட்சம். உங்கள் கணவர் விரும்பும் 30 ஆண்டுக் கணக்கில் மொத்தம் 1 கோடியே 38 லட்சம். வட்டி 88 லட்சத்தைத் தாண்டுகிறது. மாதம் 4,945 குறைத்துக்கொள்வதற்காக 34 லட்சம் கூடுதல் வட்டி. பெரும்பாலானோர் இந்த இடத்தில் பேனாவை மூடிவிட்டு “முப்பது வேண்டவே வேண்டாம்” என்று சொல்லிவிடுவார்கள். நான் இன்னும் கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்க்கச் சொல்வேன். ஏனென்றால் அந்த 34 லட்சமும் முழு உண்மை இல்லை.

இருபது வருடம் கழித்துக் கட்டப்போகும் தவணையும் அடுத்த மாதம் கட்டப்போகும் தவணையும் தாளில் ஒரே தொகைதான். கையில் ஒரே கனம் இருக்காது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். கடைசித் தவணையாக நீங்கள் கட்டும் 43,391-க்கு இன்றைய மதிப்பில் சுமார் 16,000 தான். எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால், 1 கோடியே 4 லட்சம் என்பது ஏறத்தாழ 66 லட்சமாகச் சுருங்குகிறது. 30 ஆண்டுக் கடனின் 1 கோடியே 38 லட்சம் சுமார் 72 லட்சம் ஆகிறது. அதாவது 34 லட்சம் என்று பயமுறுத்திய வித்தியாசம், இன்றைய மதிப்பில் 6 லட்சம்தான். ஆக, மாமனாரின் ஒரு கோடி கொஞ்சம் ஊதிப் பெருத்த எண். உங்கள் கணவரும் அப்படியொன்றும் விவரமில்லாமல் பேசவில்லை.

இதில் ஒரு நிபந்தனை ஒளிந்திருக்கிறது. விலைவாசி ஏறும்போது உங்கள் சம்பளமும் கூடவே ஏற வேண்டும். ஏறவில்லை என்றால் தவணையின் கனம் குறையாது.

இவ்வளவு சொல்லிவிட்டு, நானும் 20 ஆண்டு பக்கம்தான் நிற்கிறேன். காரணம் மொத்த வட்டி இல்லை. முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். 50 லட்சத்துக்கு 8.5 சதவீதம் என்றால் ஒரு மாத வட்டி 35,417. 20 ஆண்டுக் கடனில் 43,391 கட்டுகிறீர்கள். அசலில் கழிவது 7,974. 30 ஆண்டுக் கடனில் 38,446 கட்டுகிறீர்கள், கழிவது 3,029. தவணையில் குறைந்த அந்த 4,945 முழுக்க அசலிலிருந்துதான் பிடுங்கப்பட்டிருக்கிறது. வட்டியில் ஒரு காசு குறையவில்லை. வங்கிக்குப் போக வேண்டியது அப்படியே போகிறது, உங்களுக்குச் சேர வேண்டியதுதான் பாதிக்கும் கீழே போய்விட்டது.

இப்போது, உங்கள் கடிதத்தில் போகிறபோக்கில் எழுதியிருக்கும் ‘ஃப்ளோட்டிங்’ என்ற சொல்லுக்கு வாருங்கள். வட்டி விகிதம் நிலையாக இருக்காது; ஏறலாம், இறங்கலாம் என்று அர்த்தம். எப்போது, எவ்வளவு என்று உங்களுக்கும் தெரியாது, கடன் தரும் அதிகாரிக்கும் தெரியாது. 30 ஆண்டுக் கடனில், தொடக்கத்திலேயே வட்டி 8.5-லிருந்து 9.25 ஆனாலே மாத வட்டி 38,542 ஆகிவிடும். உங்கள் தவணையோ 38,446. முக்கால் சதவீத ஏற்றத்திலேயே, கட்டும் தவணை வட்டிக்குக்கூடப் போதாமல், கட்டக் கட்டக் கடன் வளர ஆரம்பிக்கும். அந்த நிலையில் வங்கி தவணையை உயர்த்தியே ஆக வேண்டும். மிச்சம் பிடித்த ஐயாயிரத்தை அப்போது அவர்களே திரும்பக் கேட்பார்கள். 20 ஆண்டுக் கடனில் இதே ஆபத்து வர வட்டி ஏறக்குறைய 2 சதவீதம் ஏற வேண்டும். நீங்கள் உண்மையில் வாங்குவது அந்த இடைவெளியைத்தான்.

20 ஆண்டு எடுத்தால் மட்டும் நிம்மதியாகத் தூங்கலாம் என்று நினைக்காதீர்கள். வட்டி ஏறும்போது பல வங்கிகள் தவணையைத் தொடுவதில்லை. சத்தமில்லாமல் காலத்தை நீட்டிவிடுகின்றன. தொடக்கத்திலேயே வட்டி 9.5 ஆகி, தவணை 43,391-ஆகவே இருந்தால், 240 மாதக் கடன் 309 மாதமாகிவிடும். ஐந்தே முக்கால் வருடம் கூடுதல். வட்டி ஏறத்தாழ 30 லட்சம் அதிகம். வங்கிக் கணக்கிலிருந்து மாதாமாதம் அதே தொகை போவதால் வீட்டில் யாருக்கும் உறைக்காது. ஆண்டுக்கு ஒருமுறை கடன் அறிக்கையை வாங்கி, ‘மீதமுள்ள தவணைகள்’ என்ற ஒரு வரியைப் பாருங்கள். போன வருடம் பார்த்ததிலிருந்து 12 குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால் அன்றைக்கே போய்த் தவணையை உயர்த்தச் சொல்லிக் கேளுங்கள்.

“43,391 எங்களால் முடியாது, 38,446 தான் முடியும்” என்றால்? அதே 38,446-ஐ 20 ஆண்டுக்குக் கட்டினால் 44 லட்சத்து 30 ஆயிரம் கடன் கிடைக்கும். 50 லட்சத்துக்கும் அதற்கும் வித்தியாசம் 5 லட்சத்து 70 ஆயிரம். அந்த 5.7 லட்சத்தைக் கூடுதலாகக் கடன் வாங்குவதற்காகத்தான் இன்னும் 120 மாதம், அதாவது 46 லட்சம், கட்டுகிறீர்கள். வேறு மாதிரியும் சொல்லலாம்: 30 ஆண்டுக் கடனை எடுத்து, ஒரு தவணைகூடத் தவறாமல் பத்து வருடம் கட்டிய பிறகும் நிலுவை 44 லட்சத்து 30 ஆயிரம் இருக்கும். ஆக, 5.7 லட்சம் குறைவான வீடாகப் பாருங்கள், அல்லது அந்தத் தொகையைச் சேர்க்கும்வரை பொறுங்கள். பார்த்துப் பிடித்துப்போன வீட்டை விட்டுவிடச் சொல்வது எளிது, செய்வது கடினம் என்று எனக்குத் தெரியும். ஆனாலும் எழுதாமல் இருக்க முடியவில்லை.

30 ஆண்டுக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டு, முடிந்த மாதங்களில் 43,391 கட்டலாமே என்று உங்கள் கணவர் கேட்கலாம். முன்கூட்டியே கட்டுவதற்கு அபராதம் இல்லை என்று ஒப்பந்தத்தில் இருந்தால், கணக்குப்படி அது நல்ல யோசனைதான். கஷ்டமான மாதத்தில் மூச்சுவிட இடம் கிடைக்கும். ஆனால் கட்டாயம் இல்லாத ஐயாயிரம் எத்தனை வீட்டில் மாதக் கடைசிவரை தங்கியிருக்கிறது? அது உங்கள் வீட்டு வழக்கத்தைப் பொறுத்தது. உங்களுக்குத்தான் தெரியும்.

மாமனாரின் வாடகைப் பேச்சையும் ஒதுக்கிவிட வேண்டாம். ஆனால் ஒப்பிட வேண்டியது வாடகையையும் தவணையையும் அல்ல. அசலில் கழிவது உங்கள் சேமிப்பு மாதிரி; அது செலவில்லை. வட்டி, சொத்து வரி, பராமரிப்பு, காப்பீடு இவைதான் திரும்பி வராத பணம். கையிலிருந்து போடும் முன்பணம் வேறு இடத்தில் இருந்தால் ஈட்டியிருக்கும் வருமானத்தையும் இதோடு சேர்த்துக்கொள்ள வேண்டும். இந்தக் கூட்டுத்தொகையை அதே மாதிரி வீட்டின் வாடகையோடு ஒப்பிடுங்கள். வாடகை அதில் பாதிகூட வரவில்லை என்றால் மாமனார் சொல்வதில் நிறைய நியாயம் இருக்கிறது. ஏறக்குறைய சமமாக இருந்தால் வாங்குங்கள். வாடகை வருடா வருடம் ஏறும், உங்கள் வட்டிப் பங்கோ, விகிதம் ஏறாத வரை, இறங்கிக்கொண்டே வரும். சில ஆண்டுகளில் வேறு ஊருக்கு மாற வேண்டியிருக்கும் என்றால் மட்டும் இரண்டு முறை யோசியுங்கள். 20 ஆண்டுக் கடனில்கூட முதல் ஐந்து வருடத்தில் 26 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசல் குறைந்திருப்பது 6 லட்சத்துக்கும் கீழே.

கையெழுத்துக்கு முன் கவனிக்க இன்னும் சில. ‘பிராசசிங் ஃபீஸ்’ 1 சதவீதம் என்றால் கைக்கு வருவது 49.5 லட்சம், வட்டியோ 50 லட்சத்துக்கு. அதனால் உண்மையான வட்டி 8.64 சதவீதம் ஆகிறது. இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது கட்டணங்களைச் சேர்த்த ஆண்டு விகிதத்தைக் கேட்டு வாங்கி ஒப்பிடுங்கள், விளம்பரப் பலகையில் உள்ளதை வேண்டாம். அதைவிடப் பெரிய ஓட்டை, கடனோடு சேர்த்துத் தலையில் கட்டும் காப்பீடு. ஒரே தவணை பிரீமியமாக 1.5 லட்சத்தைக் கடனில் ஏற்றிவிட்டால், 20 ஆண்டில் அதற்கு 3 லட்சத்து 12 ஆயிரம் கட்டுவீர்கள். காப்பீடு அவசியம், குடும்பத்துக்குக் கடன் மிஞ்சக் கூடாது. அதை வெளியே தனியாக, ஆண்டு பிரீமியத்தில் எடுக்க முடியுமா என்று முதலில் பாருங்கள்.

சில வருடம் கழித்து இன்னொரு வங்கி குறைந்த வட்டியோடு வந்து கதவைத் தட்டும். உங்கள் 20 ஆண்டுக் கடனில் ஏழு வருடம் முடிந்திருக்கிறது, நிலுவை ஏறத்தாழ 40.9 லட்சம், அவர்கள் 8 சதவீதம் தருகிறார்கள் என்று வையுங்கள். மீதமிருக்கும் 13 ஆண்டுக்கே மாற்றினால் சுமார் 1.8 லட்சம் மிச்சம். அவர்கள் நீட்டும் படிவத்தில் மறுபடியும் 20 ஆண்டு என்று இருந்தால், தவணை 9,000-க்கு மேல் குறையும், நீங்களும் மகிழ்ந்து போவீர்கள். மொத்தத்தில் 14 லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கட்டுவீர்கள். வட்டி குறைந்தது உண்மை. காலம் நீண்டதில் அது கரைந்துபோனது. மாற்றுவதற்கான கட்டணங்களை நான் இதில் சேர்க்கவே இல்லை.

கடன் எடுத்தபின் உங்கள் கையில் இருக்கும் ஒரே ஆயுதம், முன்கூட்டிக் கட்டுவது. எப்போது கட்டுகிறீர்கள் என்பதுதான் அதில் முக்கியம். முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், பின்னால் 3.8 லட்சம் வட்டி மிச்சமாகும். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாவது ஆண்டு முடிவில் கட்டினால் 51 ஆயிரம்தான். போனஸ் வரும் வீடாக இருந்தால், வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 9 மாதத்துக்குள் முடிந்துவிடும், வட்டியில் 10 லட்சம் குறையும். ஆனால் ஆறு மாதச் செலவுக்கான பணம் தனியாக இருக்க வேண்டும். கிரெடிட் கார்டு நிலுவை, பர்சனல் லோன் எதுவும் இருந்தால் அவற்றை முதலில் அடைத்துவிடுங்கள்; அவற்றின் வட்டி இதைவிட அதிகம். வீட்டுக் கடனுக்கு எல்லாவற்றையும் வாரிக் கொட்டிவிட்டு, ஆஸ்பத்திரிச் செலவுக்குக் கைமாற்றுத் தேடுவது புத்திசாலித்தனம் ஆகாது.

அப்படிக் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு முறையும், “தவணைத் தொகை மாற வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்” என்று எழுத்தில் கொடுத்து, ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள். சொல்லாமல் விட்டால் சில இடங்களில் காலத்தை அப்படியே வைத்துத் தவணையைக் குறைத்துவிடுவார்கள். அடுத்த மாத அறிக்கையில் மீதத் தவணைகளின் எண்ணிக்கை இறங்கியிருக்கிறதா என்று பாருங்கள். இறங்கவில்லை என்றால் அந்த ஒப்புகையோடு நேரில் போங்கள்.