பழைய பிரெஞ்சு உருவப்படம்: வரலாறு பின்பக்கத்தில் இருக்கிறது

கேள்வி: பாரிஸ் புறநகரில் வசிக்கிறோம். பழம்பொருள் சந்தையில் ஒரு பெண்ணின் எண்ணெய் ஓவியம் வாங்கினோம். '19-ஆம் நூற்றாண்டு' என்பதற்கு மேல் விற்றவருக்கு எதுவும் தெரியவில்லை. கையெழுத்தைப் படிக்க முடியவில்லை. வரைந்தவர் யார், அந்தப் பெண் யார் என்று எப்படிக் கண்டுபிடிப்பது? பின்பக்கம் ஒரே அழுக்கு, கிழிந்த காகிதம் வேறு ஒட்டியிருக்கிறது. சுத்தம் செய்து மாட்டிவிடலாமா?

பதில்: கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். வேண்டாம். அந்தக் காகிதத்தைச் சுரண்டாதீர்கள், மரச்சட்டத்தைத் துடைக்காதீர்கள், ஈரத்துணியைப் படத்தின் பக்கமே கொண்டுபோகாதீர்கள். நீங்கள் தேடும் வரலாற்றில் பெரும்பகுதி அந்த அழுக்குப் பக்கத்தில்தான் இருக்கும். கையெழுத்தை நம்பித் தேடலைத் தொடங்குவதும் சரியில்லை. விலை ஏறட்டும் என்று பின்னாளில் யாராவது போட்ட கையெழுத்தாகக்கூட இருக்கலாம்.

படத்தைச் சுவரில் சாய்த்து, பின்பக்கம் வெளியே தெரியும்படி வைத்துப் பகல் வெளிச்சத்தில் புகைப்படம் எடுங்கள். அப்புறம் அறையை இருட்டாக்கி, டார்ச்சைப் பக்கவாட்டில் பிடித்து இன்னொரு முறை எடுங்கள். அழுத்தி எழுதிய எழுத்து, கீறிய எண் எல்லாம் அப்போது மேலே வரும்.

அடுத்தது அளவு. வெளிச்சட்டத்தை விட்டுவிட்டு கேன்வாஸை மட்டும் அளக்க வேண்டும். பிரெஞ்சு ஓவியர்கள் பெரும்பாலும் தயார்நிலைக் கேன்வாஸைக் கடையில் எண் சொல்லி வாங்கினார்கள். உருவப்பட வரிசையில் 15-ஆம் எண் என்றால் 65-க்கு 54 சென்டிமீட்டர். 20 என்றால் 73-க்கு 60. 25 என்றால் 81-க்கு 65. உங்கள் படம் இவற்றில் ஒன்றை ஒட்டி வந்தால் பிரெஞ்சுக் கேன்வாஸ் என்பதற்கு நல்ல அறிகுறி. எதிலும் சேரவில்லையா, ஓரங்களைக் கவனியுங்கள். பெரிய படத்திலிருந்து வெட்டி எடுத்த துண்டாக இருக்கலாம்.

கேன்வாஸின் பின்புறத்தில் வண்ணக் கடைக்காரரின் முத்திரை இருந்தால் நீங்கள் அதிர்ஷ்டசாலி. கடைப் பெயரும் தெரு முகவரியும் அதில் இருக்கும். கடைகள் இடம் மாறின, மகனுக்கோ மருமகனுக்கோ கைமாறின. முத்திரையும் கூடவே மாறியது. அதனால் ஒரு முகவரியை வைத்தே கேன்வாஸ் எந்தச் சில ஆண்டுகளில் விற்றது என்று சொல்லிவிட முடிகிறது. 1790 முதல் 1960 வரை பாரிஸில் இருந்த இந்தக் கடைகளின் விவரம் 'லாப்ரூஷ் வழிகாட்டி' என்ற பெயரில் இணையத்தில் கிடைக்கிறது. ஒரு எச்சரிக்கை: புகழ்பெற்ற பிரெஞ்சு ஓவியர் ஏங்கருக்குப் பொருள் கொடுத்த ஆரோ கடையின் முத்திரை இருந்தாலும் படம் ஏங்கர் வரைந்ததாகிவிடாது. பெயர் தெரியாத ஓவியர்களும் அதே கடைப் படியைத்தான் ஏறினார்கள்.

ஒட்டியிருக்கும் காகிதத்தில் ஒரு எண் இருந்தால், பாரிஸின் பெரிய கண்காட்சியான சலோனுக்குப் படம் போயிருக்கக்கூடும். சலோன் பட்டியல்களை ஓர்சே அருங்காட்சியகத்தின் இணையத் தளத்தில் ஓவியர் பெயர் வைத்துத் தேடலாம். ஆனால் உருவப்படங்களைப் பல நேரம் 'திருமதி பி...' என்று முதலெழுத்தோடு நிறுத்திவிடுவார்கள்.

வரைந்தவர் பெயர் கிடைத்தாலும் வரையப்பட்டவர் பெயர் எளிதில் கிடைக்காது. பாரிஸின் லூவர் அருங்காட்சியகத்தில் இருக்கும் ஒரு படத்தைப் பாருங்கள். வெள்ளைத் தலைத்துணி, வெள்ளை உடை, நாற்காலியில் நீலச் சால்வை, நம்மை நேராகப் பார்க்கும் ஒரு கறுப்பினப் பெண். 81-க்கு 65, அதாவது 25-ஆம் எண் அளவு. மரி-கியெமீன் பெனுவா என்ற பெண் ஓவியர் வரைந்து 1800 சலோனில் 'ஒரு நீக்ரோப் பெண்ணின் உருவப்படம்' என்று வைத்தார். 1818-ல் 18-ஆம் லூயி மன்னருக்காக அரசு அதை வாங்கியது. கண்காட்சிப் பட்டியல், அரசுக் கொள்முதல், கையெழுத்து எல்லாம் இருந்தும், 2019-ல் ஓர்சேயில் நடந்த கண்காட்சியில்தான் அந்தப் பெண்ணின் பெயர் படத்துக்குத் தலைப்பாக வந்தது: மத்லேன். கரீபியனில் உள்ள குவாதலூப் தீவில் அடிமையாக இருந்தவர். பெனுவாவின் கணவருடைய சகோதரர் வீட்டில் வேலை செய்தவர். இத்தனை பேர் பார்த்த படத்தில் அவர் பெயரைக் கேட்க இவ்வளவு காலம் ஆனது எனக்கு இன்றும் வலிக்கிறது.

உங்கள் தேடலுக்கு இதில் இரண்டு பாடம் உண்டு. ஓவியர் தெரிந்ததும் அவருடைய உறவினர், சம்பந்திகள், வீட்டில் இருந்தவர்கள் பக்கம் போங்கள். ஓவியர் பெண்ணாக இருந்தால் பிறந்த வீட்டுப் பெயரிலும் தேடுங்கள். அந்தப் படத்தின் கையெழுத்திலேயே லாவில்-லெரூ, பெனுவா என்று இரண்டு பெயரும் இருக்கின்றன.

படம் 1850-களுக்குப் பிந்தையது என்றால் புகைப்படத்தைப் பார்த்து வரைந்ததாகவும் இருக்கலாம். திஸ்தேரி என்ற பிரெஞ்சுப் புகைப்படக்காரர் 1854-ல் சிறு அட்டைப் புகைப்படத்துக்குக் காப்புரிமை வாங்கிய பிறகு, அட்டைப் படங்கள் வீடுதோறும் சேர்ந்தன. இறந்தவரின் படத்தைக் கொடுத்து ஓவியம் வரையச் சொல்வதும் உண்டு. முகம் மட்டும் நுணுக்கமாகவும் கைகள் பட்டும் படாமலும் இருந்தால் இதையும் யோசியுங்கள்.

ஒன்றை மட்டும் தள்ளிப்போடாதீர்கள். 1933 முதல் 1945 வரை படம் யாரிடம் இருந்தது? பாரிஸில் யூதக் குடும்பங்களிடமிருந்து நாஜிகள் பறித்த படங்கள் ஜூ த போம் கட்டடத்துக்கு வந்தன. பலவற்றின் பின்னால் உரிமையாளரைக் குறிக்கும் சுருக்க எழுத்தும் எண்ணும் போட்டார்கள். அப்படி ஏதாவது தெரிந்தால் விற்கவோ பழுதுபார்க்கவோ முயலாமல், பிரெஞ்சுக் கலாசார அமைச்சகத்தில் இதற்கென இருக்கும் பிரிவுக்குப் புகைப்படத்தோடு எழுதுங்கள்.

இவ்வளவும் முடிந்த பிறகு ஓவியப் பாதுகாப்பு நிபுணரிடம் கொண்டுபோங்கள். பழைய வார்னிஷை எடுப்பது அவர் வேலை, நம் வேலை இல்லை. கேன்வாஸுக்குப் பின்னால் புதுத்துணி ஒட்ட வேண்டும் என்றால், முத்திரையைப் படம் எடுத்த பிறகே ஒட்டச் சொல்லுங்கள். உள்சட்டத்தை மாற்றியே ஆக வேண்டும் என்றால், பழைய சட்டத்தைக் காகிதத்தோடு கேட்டு வாங்கி வீட்டில் வையுங்கள்.