பாட்டிக்கு ஒன்பது, எனக்கு ஒன்று: உடம்பு பலவீனமாகிவிட்டதா?

கேள்வி:

டாக்டரம்மா, எனக்கு 53 வயது. மொரீசியஸில் ரோஸ் ஹில் பக்கம் இருக்கிறோம். என் பாட்டி கரும்புத் தோட்டத்துக் குடியிருப்பில் இருந்துகொண்டு ஒன்பது பிள்ளை பெற்றவர். அம்மாவுக்கு நான்கு. எனக்கு ஒரே மகள். அவளுக்கு 35 வயது, கல்யாணமாகி நான்கு வருடம். "பிறகு பார்க்கலாம்மா" என்றே சொல்லிக்கொண்டிருக்கிறாள். மருமகனுக்கு 43. அவரைக் கேட்டால் "ஆம்பளைக்கு ஏது வயசு" என்று சிரிக்கிறார். தலைமுறைக்குத் தலைமுறை நம் உடம்பு பலவீனமாகிக்கொண்டு வருகிறதா? எனக்கு மாதவிடாய் நின்று 14 மாதம் ஆகிறது. பெண்ணுக்கு மட்டும் பாதி வழியிலேயே இயற்கை ஏன் கதவைச் சாத்துகிறது? இனி நான் எதற்கு என்று சில நாள் தோன்றுகிறது. சர்க்கரைக்கு மாத்திரை சாப்பிடுகிறேன். போன வாரம் இரண்டு நாள் லேசாகக் கறை பட்டது. பழையது திரும்புகிறது போலிருக்கிறது, அதைப் பற்றிக் கவலையில்லை.

பதில்:

சகோதரி, கவலையில்லை என்று எழுதியிருக்கிறீர்களே, அந்த வரியைப் படித்ததும்தான் எனக்குக் கவலை வந்தது. மற்றதையெல்லாம் சாவகாசமாகப் பேசலாம், முதலில் இதை முடிப்போம்.

மாதவிடாய் நின்று முழுதாக 12 மாதம் கடந்த பிறகு ஒரு சொட்டுக் கறை பட்டாலும் அதை 'பழையது திரும்புகிறது' என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. அப்படித் திரும்புவதில்லை. பெரும்பாலும் காரணம் சின்னதாகவே இருக்கும்: கர்ப்பப்பையின் உள்சவ்வோ பிறப்புறுப்பின் தோலோ மெலிந்து போயிருக்கலாம், சிறு சதை வளர்ந்திருக்கலாம். ஆனால் இப்படி வருகிற பெண்களில் நூற்றுக்கு ஒன்பது, பத்துப் பேருக்குக் கர்ப்பப்பை உள்சவ்வில் புற்றுநோய் இருக்கிறது. சர்க்கரை நோயும் கூடுதல் எடையும் அந்த வாய்ப்பைக் கொஞ்சம் கூட்டும். நல்ல செய்தி என்னவென்றால், இந்தப் புற்றுநோய் ஆரம்பத்திலேயே கறை காட்டிக் கூப்பிட்டுவிடும். அப்போதே போய்ப் பார்த்தால் பெரும்பாலும் முழுக்கக் குணமாக்கிவிடலாம். ஆகவே இந்த வாரமே ஏரியா ஹெல்த் சென்டரில் காட்டி, மகப்பேறு மருத்துவரைப் பார்க்கச் சீட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். அரசு மருத்துவமனையில் செலவு இல்லை. உள்வழியாக ஒரு ஸ்கேன் எடுப்பார்கள். சவ்வின் கனம் 4 மில்லிமீட்டருக்கு மேல் இருந்தால் ஒரு துளி சதை எடுத்துச் சோதிப்பார்கள். அவ்வளவுதான்.

சரி, இப்போது உங்கள் பெரிய கேள்விக்கு வருகிறேன்.

கதவு சாத்தப்படுவது 50 வயதில் என்று நினைக்கிறீர்கள். உண்மையில் நீங்கள் பிறப்பதற்கு முன்பே அது மெல்லச் சாத்த ஆரம்பித்துவிட்டது. தாய் வயிற்றில் ஐந்து மாதக் கருவாக இருக்கும்போது ஒரு பெண்ணின் சினைப்பைகளில் அறுபது, எழுபது லட்சம் முட்டைகள் இருக்கும். பிறக்கும்போது பத்திலிருந்து இருபது லட்சம். வயதுக்கு வரும்போது மூன்று, நான்கு லட்சம். இவற்றில் வெளியே வருபவை வாழ்நாள் முழுக்கச் சேர்த்தாலும் சுமார் 400தான். மற்றவை சத்தமில்லாமல் உதிர்ந்துபோகும். கையிருப்பு ஆயிரத்தை ஒட்டி இறங்கும்போது மாதவிடாய் நின்றுவிடுகிறது.

இந்தக் கணக்கில் விசித்திரம் ஒன்றும் இல்லை. விசித்திரம் அதற்குப் பிறகுதான். பெரும்பாலான பாலூட்டிகளில் பெண் கிட்டத்தட்ட சாகும் காலம் வரை குட்டி போட முடியும். குட்டி போடுவது நின்ற பிறகும் இருபது, முப்பது வருடம் உயிரோடு இருப்பது அபூர்வம். மனிதர்களைத் தவிர்த்தால் கொலையாளித் திமிங்கலம் உட்படப் பல்லுள்ள திமிங்கலங்களில் ஐந்து இனங்கள் அப்படி வாழ்கின்றன. உகாண்டாவில் ஒரு சிம்பன்சிக் கூட்டத்திலும் மாதவிடாய் நிற்பதை 2023இல் கண்டறிந்தார்கள். கொலையாளித் திமிங்கலம் 40 வயது வாக்கில் குட்டி போடுவதை நிறுத்திவிட்டு எண்பது, தொண்ணூறு வயது வரைகூட வாழும். சால்மன் மீன் குறைந்த வருடங்களில் கூட்டத்துக்கு முன்னே நீந்தி வழிகாட்டுவது அந்தக் கிழவிகள்தான். பாட்டி இறந்துபோனால் அடுத்த இரண்டு வருடத்தில் பேரக்குட்டிகள் சாவதும் கூடுகிறது. (நம் தீவின் மேற்குக் கரையில் படகில் போய்ப் பார்க்கிறோமே, அந்த ஸ்பெர்ம் திமிங்கலம் இந்த ஐந்தில் இல்லை. ஆனால் தாய் இரை தேடி ஆழத்துக்குப் போகும்போது கூட்டத்தில் இருக்கிற மற்ற பெண்கள் மாறி மாறிக் குட்டிக்குக் காவல் இருப்பார்கள்.)

மனிதரிலும் இதே கதைதான் என்று சொன்னவர் மானுடவியலாளர் கிறிஸ்டன் ஹாக்ஸ். தான்சானியாவில் வேட்டையாடியும் கிழங்கு தோண்டியும் வாழ்கிற ஹாட்ஸா மக்களோடு இருந்து பார்த்தவர். அங்கே வெயிலில் அதிக நேரம் குனிந்து கிழங்கு தோண்டுவது வயதான பெண்கள். மகளுக்குக் கைக்குழந்தை வந்துவிட்டால், பால் மறந்த மூத்த குழந்தைக்குச் சோறு போடுவது பாட்டியின் உழைப்பு. அப்படி ஒரு பாட்டி இருக்கிற வீட்டில் மகள் அடுத்த பிள்ளையைச் சீக்கிரம் பெற முடிந்தது, இருக்கிற பிள்ளையும் பிழைத்தது. பின்லாந்திலும் கனடாவிலும் பழைய தேவாலயப் பதிவேடுகளைப் புரட்டிப் பார்த்ததில், ஒரு பெண் 50 வயதுக்கு மேல் வாழ்ந்த ஒவ்வொரு பத்து வருடத்துக்கும் சராசரியாக இரண்டு பேரப்பிள்ளைகள் கூடுதலாக இருந்தார்கள். இதை ஒப்புக்கொள்ளாத விஞ்ஞானிகளும் உண்டு. முதிர்ந்த வயதில் பிள்ளை பெற்றால் தாயின் உயிருக்கு ஆபத்து, பெற்ற பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கவே உடம்பு நிறுத்திக்கொள்கிறது என்பது இன்னொரு கட்சி. எனக்கு இரண்டும் சேர்ந்தே உண்மை என்று படுகிறது. எப்படிப் பார்த்தாலும், உங்கள் உடம்பு பாதியில் பழுதாகிவிட்டது என்று யாருமே சொல்லவில்லை.

இதற்குத் திமிங்கலம் வரை போக வேண்டியதுகூட இல்லை. காவடி முடிந்து ஏழு கறி சமைக்கிற அடுப்படியில் போய் நின்று பாருங்கள். பரங்கிக்காயைச் சீவுகிற கை, பலாக்காயை நறுக்குகிற கை, ரசத்துக்கு இடிக்கிற கை, இடையில் யாரோ ஒருவருடைய இடுப்பில் யாரோ ஒருவருடைய குழந்தை. மனிதக் குழந்தை வளர்ந்ததே இந்த மாதிரி அடுப்படியில்தான். சிம்பன்சித் தாய் குட்டியை வேறு கைக்கு லேசில் விடாது. அதனால் அடுத்த குட்டிக்கு ஐந்து, ஆறு வருடம் ஆகிறது. நாம் குழந்தையைக் கை மாற்றிவிடுகிறோம், அதனால் மூன்று, நான்கு வருடத்தில் அடுத்தது முடிகிறது.

மூன்று, நான்கு வருடமா, எங்கள் பாட்டி ஒன்றரை வருடத்துக்கு ஒன்று பெற்றாரே என்பீர்கள். ஒன்பதுதான் இயற்கை, ஒன்று செயற்கை என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். ஒன்பதும் இயற்கை இல்லை சகோதரி. ஆப்பிரிக்காவின் தெற்கே போட்ஸ்வானா, நமீபியா பக்கம் கலஹாரிப் பாலைவனத்தில் வேட்டையாடி வாழ்ந்த குங் இனப் பெண்கள் வாழ்நாளில் சராசரியாக ஐந்துக்கும் குறைவாகவே பெற்றார்கள். குழந்தையை எப்போதும் உடம்போடு கட்டிக்கொண்டு மணிக்கு நாலைந்து தடவை பால் கொடுத்தார்கள். அப்படி ஓயாமல் உறிஞ்சும்போது மூளை முட்டையை வெளியேற்றும் கட்டளையைத் தள்ளிப்போடும். தோட்டத்தில் சங்கு ஊதியதும் கரும்பு வெட்டப் போன உங்கள் பாட்டிக்கு அந்த வசதி எங்கே? குழந்தை வீட்டில் கஞ்சி குடிக்கும், தாய்க்குப் பால் சீக்கிரம் வற்றும், அடுத்தது வயிற்றில் வந்து நிற்கும். ஒன்பதில் எத்தனை பேர் வளர்ந்து ஆளானார்கள் என்று நீங்கள் எழுதவில்லை. 1940களின் முடிவில் டி.டி.டி. தெளித்து மலேரியாவை அடக்கும் வரை, தோட்டத்துக் குடியிருப்புகளில் பெற்றது அத்தனையும் பிழைத்த குடும்பம் அபூர்வம்.

அப்புறம் பலவீனம். 1960களின் தொடக்கத்தில் மொரீசியஸில் ஒரு பெண்ணுக்குச் சராசரியாக ஆறு பிள்ளை. பத்தே வருடத்தில் அது மூன்றரைக்கு இறங்கியது. இப்போது ஒன்றரைக்கும் கீழே. உலகத்திலேயே மிக வேகமான சரிவுகளில் ஒன்று என்று மக்கள்தொகை நிபுணர்கள் இன்றும் நம் தீவைக் காட்டிப் பேசுவார்கள். பரிணாமத்தால் பத்து வருடத்தில் உடம்பை மாற்ற முடியாது, அதற்கு எத்தனையோ தலைமுறை வேண்டும். மாறியது ஊர். 1957இல் குடும்பக் கட்டுப்பாட்டுச் சங்கம் வந்தது. 1963இல் கத்தோலிக்கர்கள் நாள் கணக்குப் பார்க்கும் முறையைச் சொல்லிக்கொடுக்கத் தனியாக ஓர் அமைப்பு வைத்தார்கள். பெண்கள் கல்யாணத்தைத் தள்ளிப்போட்டார்கள். 1970க்குப் பிறகு துணி ஆலைகளில் வேலை கிடைத்தது, 1977 முதல் உயர்நிலைப் படிப்பு இலவசமானது. உங்கள் அம்மா ஐந்தாவது பெறாததும் நீங்கள் இரண்டாவது பெறாததும் இந்தக் கதையில் வருகிறவைதான்.

இயற்கை நமக்குள் வைத்தது 'இத்தனை பிள்ளை பெறு' என்கிற எண்ணிக்கையை அல்ல. கணவன் மனைவிக்குள் ஈர்ப்பையும், குழந்தையைக் கண்டால் அள்ளிக்கொள்ளத் தோன்றும் உருகலையும் வைத்தது. கருத்தடை இல்லாத காலத்தில் அந்த இரண்டுமே போதும், பிள்ளை தானாக வந்துவிடும். இன்று ஈர்ப்பும் இருக்கிறது, உருகலும் இருக்கிறது, நடுவில் ஒரு மாத்திரையும் இருக்கிறது. உங்கள் மகள் இயற்கைக்கு விரோதமாக எதுவும் செய்யவில்லை.

குறைவாகப் பெறுவதால் உடம்பில் ஒரு மாற்றம் மட்டும் உண்டு. பிள்ளை பெறுவதும் பால் கொடுப்பதுமாக இருந்த பெண்ணுக்கு வாழ்நாளில் நூற்றுச் சொச்சம் மாதவிடாய்தான். நமக்கு அது நானூறு. கர்ப்பப்பைச் சவ்வு அத்தனை தடவை வளர்ந்து உரிகிறது. கர்ப்பப்பை, சினைப்பை, மார்பகம் இவற்றில் வரும் புற்றுநோய் அதிகமாவதற்கு இதுவும் ஒரு காரணம். ஸ்கேனுக்கு நான் இவ்வளவு அவசரப்படுத்துவது ஏன் என்று இப்போது புரிந்திருக்கும்.

மருமகனுக்கு வருவோம். ஆம்பளைக்கும் வயசு உண்டு. பெண்ணைப் போலக் கதவு சாத்துவதில்லை, துருப்பிடிக்கிறது என்று சொல்லலாம். ஆணின் உடம்பு விந்தணுவை நாள்தோறும் நகல் எடுத்துக்கொண்டே இருக்கிறது. நகல் எடுக்க எடுக்க எழுத்துப்பிழை சேரும். தந்தையின் வயது ஒரு வருடம் கூடினால் குழந்தைக்குப் போகும் புதிய மரபணுப் பிழை சுமார் இரண்டு கூடுகிறது என்று ஐஸ்லாந்தில் 2012இல் கண்டார்கள். பெரும்பாலானவை எதுவும் செய்யாது, பயமுறுத்த இதைச் சொல்லவில்லை. ஆனால் 'பிறகு பார்க்கலாம்' என்று சொல்வது உங்கள் மகள் மட்டும் இல்லை என்பதை நினைவில் வையுங்கள். பிள்ளை தாமதமானால் பெண்ணை மட்டும் மருத்துவரிடம் இழுத்துக்கொண்டு ஓடுகிற பழக்கம் நம் வீடுகளில் இன்னும் போகவில்லை. விந்துப் பரிசோதனை எளிது, மலிவு. முதலில் செய்ய வேண்டியதும் அதுதான்.

மகளிடம் சொல்ல வேண்டியது ஒன்று இருக்கிறது. ஊர் மாறியது, படிப்பு மாறியது, முட்டையின் வயது மட்டும் மாறவில்லை. 30 வயதில் ஒரு மாதம் முயன்றால் கரு தங்கும் வாய்ப்பு நூற்றுக்கு இருபது. 40இல் அது ஐந்துக்கும் கீழே. கருச்சிதைவு இருபதுகளின் கடைசியில் பத்தில் ஒன்று என்றால், 40இல் மூன்றில் ஒன்று. இதைத் தெரிந்துகொண்டு அவள் தள்ளிப்போட்டால் அது அவள் முடிவு, வேண்டாம் என்றாலும் அவள் முடிவு. தெரியாமல் தள்ளிப்போட்டால்தான் பின்னால் வருத்தம். 35க்கு மேல் ஆறு மாதம் முயன்றும் தங்கவில்லை என்றால் மருத்துவரைப் பார்க்க வேண்டும், ஒரு வருடம் காத்திருக்க வேண்டாம். ஏ.எம்.எச். என்று ஒரு ரத்தப் பரிசோதனையை இப்போது நிறையப் பேர் தாங்களாகவே எடுத்துக்கொண்டு வந்து அழுகிறார்கள். எத்தனை முட்டை மிச்சம் என்று அது தோராயமாகச் சொல்லும், தானாகக் கரு தங்குமா தங்காதா என்று சொல்லாது. நீங்கள் சர்க்கரைக்கு மாத்திரை சாப்பிடுவதால் மகள் முன்கூட்டியே ரத்தச் சர்க்கரையைப் பார்த்துக்கொள்வது நல்லது. முயற்சி ஆரம்பிப்பதற்கு ஒரு மாதம் முன்பே தினம் 400 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலம் ஆரம்பிக்கட்டும். சர்க்கரை இருப்பது தெரிந்தால் மருத்துவர் அளவைக் கூட்டிக் கொடுப்பார்.

"எப்போது நல்ல செய்தி" என்று மட்டும் கேட்காதீர்கள். அதற்குப் பதிலாக, "நீ வேலைக்குப் போகிற நாட்களில் குழந்தையை நான் பார்த்துக்கொள்கிறேன், வாரத்தில் நான்கு நாள்" என்று நாளும் எண்ணிக்கையுமாகச் சொல்லிப் பாருங்கள். என்னிடம் வரும் பெண்களில் பலர் பிள்ளை வேண்டாம் என்று சொல்வதில்லை, தனியாக முடியாது என்றுதான் சொல்கிறார்கள்.

'இனி நான் எதற்கு' என்று எழுதியதை நான் தாண்டிப் போகவில்லை. மாதவிடாய் நிற்கும் காலத்தில் தூக்கம் கெடும், மனம் சோரும், அது பலருக்கும் உண்டு. இரண்டு வாரத்துக்கு மேல் நாள் தவறாமல் அப்படி இருந்தால் அதையும் மருத்துவரிடம் சொல்லுங்கள், சிகிச்சை இருக்கிறது. போகும்போது கறை பட்ட தேதிகளையும் மாத்திரைப் பட்டியலையும் எழுதி எடுத்துப் போங்கள். ஸ்கேன் முடிந்ததும் சவ்வு எத்தனை மில்லிமீட்டர் என்று எனக்கு எழுதுங்கள்.