இரண்டு மணி நேரம் வேகவைத்தும் மாட்டிறைச்சி பாட் ரோஸ்ட் ரப்பர் மாதிரி இருக்கிறதே, ஏன்?

நேரம் போதவில்லை, அவ்வளவுதான். அல்லது துண்டு தப்பு. சிர்லாயின் (பின்முதுகுப் பக்கக் கறி) இதற்கு ஆகாது, வறண்டுவிடும். சிங்கப்பூர் தேக்கா சந்தையில் தோள்பட்டை அல்லது நெஞ்சுப் பகுதியில் ஒரு கிலோ, வெட்டாமல் முழுத் துண்டாகக் கேளுங்கள். விலையும் குறைவு.

அந்தப் பகுதிகளில் கொலாஜன், அதாவது தசையை இறுக்கிப் பிடிக்கும் புரதம், அதிகம். அது மெல்லக் கரைந்து ஜெலட்டின் ஆனால்தான் கறி மெத்தென்று இருக்கும். உள்ளே 70 டிகிரி வந்தால் வெந்துவிடும், ஆனால் கடிக்க முடியாது. 90 டிகிரியைத் தாண்டிக் கொஞ்ச நேரம் அப்படியே இருக்க வேண்டும்.

ஈரத்தைத் துடைத்து, உப்பும் மிளகும் தடவி, கனமான சட்டியில் எல்லாப் பக்கமும் நன்றாகச் சிவக்க விடுங்கள். அப்புறம் வெங்காயம், பூண்டு, கேரட், கறியின் பாதி உயரத்துக்குத் தண்ணீர். நான் ஒரு துண்டு பட்டையும் போடுவேன், அம்மாவின் பழக்கம். மூடிவைத்து, மிகச் சிறு தீயில் மூன்று, மூன்றரை மணி நேரம். தளதளவென்று கொதிக்கக் கூடாது, ஓரிரு குமிழி வந்தால் போதும். வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டில் ஓவன் இல்லையா? அடுப்பே போதும். உருளைக்கிழங்கைக் கடைசி 45 நிமிடத்தில் போடுங்கள். முள்கரண்டி சுலபமாக இறங்கினால் அடுப்பை அணைத்துவிடலாம்.