சுமைதாங்கிக் கல்லில் தொடங்கி ஆறு மாத வாசிப்பு

கேள்வி: அம்பாசமுத்திரம் பக்கத்துச் சிற்றூர் எங்களுடையது. பெண்கள் பத்துப் பேர் மாதம் ஒரு ஞாயிறு கூடி வாசிக்கிறோம். ஊருக்கு வெளியே பழைய வண்டிப்பாதையில் ஒரு சுமைதாங்கிக் கல் நிற்கிறது. அதைப் பற்றிப் பேசப் போய், தாய்மை, பிள்ளைப்பருவம், வீட்டுக்குள் மூடி வைத்த சங்கதிகள் இவை வருகிற புத்தகங்களை ஆறு மாதம் வாசிக்கலாம் என்று முடிவானது. கல் குறியீடாக வந்தால் இன்னும் நல்லது. எவற்றை எடுப்பது, எந்த வரிசையில், எப்படிப் பேசுவது? எங்களில் நான்கு பேர் நாவல் வாசித்துப் பழகாதவர்கள்.

பதில்: புத்தகத்தைத் திறக்கும் முன் அந்தக் கல்லிடம் எல்லோரும் ஒருமுறை போய்வாருங்கள். காலை ஏழு மணி அல்லது சாயங்காலம் ஐந்து மணி சரியான நேரம். வெயில் சாய்வாக விழும்போதுதான் தேய்ந்த எழுத்து கண்ணுக்குத் தெரியும். எழுத்தின் மேல் சாக்குக்கட்டி, மஞ்சள், திருநீறு எதையும் தேய்க்க வேண்டாம். தண்ணீர் தெளித்தால் போதும். பழைய சுண்ணாம்புப் பூச்சு இருந்தால் சுரண்டாதீர்கள், கல்லின் மேல்தோலும் கூடவே உரிந்துவிடும். நெல்லைச் சீமையில் இத்தகைய கற்களில் பெரும்பாலும் கொல்லம் ஆண்டுதான் (மலையாள ஆண்டுக்கணக்கு) வெட்டியிருப்பார்கள். ஆவணி முதல் மார்கழிப் பாதி வரையிலான தேதி என்றால் ஆங்கில ஆண்டு கிடைக்க அதோடு 824 கூட்டுங்கள், அதற்குப் பிந்தைய மாதங்கள் என்றால் 825. கொல்லம் 1072 தை என்றிருந்தால் அது 1897. தமிழ் எண்களில் இருந்தால் படம் எடுத்து வந்து வீட்டில் நிதானமாகப் பாருங்கள். ௧, ௪, ௬ மூன்றும் தேய்ந்த கல்லில் ஒன்றுபோலத் தோன்றி ஏமாற்றும்.

அந்தக் கல் என்ன வேலை செய்தது என்பதை அங்கேயே நின்று பேசிவிடுங்கள். நட்டுக்குத்தலாக இரண்டு, குறுக்கே ஒன்று. தலைச்சுமையோடு நடப்பவருக்கு நடுவழியில் இறக்கி வைக்க ஆள் வேண்டும், திரும்ப ஏற்றிவிட இன்னொரு கை வேண்டும். குறுக்குக் கல் தோளை ஒட்டிய உயரத்தில் இருப்பதால் ஒற்றையாளாகச் சரித்து இறக்கலாம், குனிந்து ஒற்றையாளாகவே ஏற்றிக்கொள்ளலாம். பிள்ளை வயிற்றில் இருக்கும்போதே செத்துப்போன பெண்ணுக்காக அவள் வீட்டார் நிறுத்தியது இது. இறக்காமல் போன சுமை அவளுடையது. அதனால் வழியில் போகிறவர் சுமையாவது இறங்கட்டும் என்ற நினைப்பு. கல்லில் பெயரும் வருஷமும் இருக்கலாம். அவள் எப்படிச் செத்தாள், வைத்தியம் பார்த்தார்களா, பிறந்த வீட்டுக்கு எப்போது சொல்லி அனுப்பினார்கள் என்பதெல்லாம் கல்லில் இராது. ஊரில் வயதான ஆச்சிமார் யாராவது இருந்தால் கேட்டுப் பாருங்கள். ஒரே சாவுக்கு இரண்டு மூன்று காரணம் வந்தால் எல்லாவற்றையும் எழுதி வையுங்கள், எது சரி என்று அங்கே தீர்ப்புச் சொல்ல வேண்டாம்.

இதை முதலில் செய்யச் சொல்வதற்குக் காரணம் உண்டு. கல் வருகிற கதையை எடுத்தவுடன் ‘கல் என்றால் கல்நெஞ்சு’ என்று யாராவது சொல்லிவிடுவார்கள், அதோடு பேச்சு முடிந்துபோகும். நம் வழக்கில் கல் அவ்வளவு லேசாகப் பிடிபடுவதில்லை. பெத்த மனம் பித்து, பிள்ளை மனம் கல்லு என்கிற பழமொழியிலேயே கல் தாயின் பக்கம் இல்லை. குழவி என்ற சொல்லுக்குக் கைப்பிள்ளை என்றும் பொருள், அரைக்கிற கல் என்றும் பொருள். பிள்ளையைத் தொட்டிலில் இடும் முன் அம்மிக்குழவியை இட்டு ஆட்டுகிற வழக்கம் இன்னும் சில வீடுகளில் உண்டு. கல்யாணத்தில் பெண் மிதிக்கிற அம்மிக்கு, கல்லைப் போல் உறுதியாக இரு என்று பொருள் சொல்லும் மந்திரம் இருக்கிறது. இளவட்டக் கல்லைத் தூக்கி ஆண்பிள்ளை கல்யாணத்துக்குத் தகுதி காட்டினான்; பெண்பிள்ளைக்கு உரலும் அம்மியும். ஆகவே புத்தகத்தில் கல் வந்தால் முதல் கேள்வி ‘இது எதைக் குறிக்கிறது’ என்பதாக இருக்க வேண்டாம். இந்தக் கல்லை யார் தூக்கினார்கள், யார் மிதித்தார்கள், யார் சுற்றி வந்தார்கள், யார் கல்லானார்கள் என்று கேளுங்கள். பொருள் தானே பின்னால் வரும்.

வரிசைக்கு வருவோம். முதல் மாதம் கி. ராஜநாராயணனின் ‘கதவு’. சிறுகதை, ஒருவர் உரக்க வாசித்தால் அரை மணிக்குள் முடியும். நாவல் பழக்கம் இல்லாத நால்வருக்கும் இதுதான் நல்ல வாசல். மணிமுத்தாறில் கூலி வேலைக்குப் போன தகப்பனிடமிருந்து தகவல் இல்லை, தீர்வை பாக்கிக்கு வீட்டுக் கதவைக் கழற்றிக்கொண்டு போகிறார்கள், உள்ளே தாயும் பிள்ளைகளும். கதவு பிள்ளைகளுக்கு விளையாட்டு வண்டி, தாய்க்குக் குளிரை மறிக்கும் பொருள், வரி வசூலிக்கும் கச்சேரிக்காரர்களுக்குப் பாக்கிக்கு ஈடு. ஒரே பொருள் மூன்று பேர் கையில் மூன்றாக மாறுவதை இதில் பழகிக்கொண்டால், கல்லை வாசிப்பது பிறகு சுலபம்.

இரண்டாம் மாதம் இரண்டு சிறுகதைகள் ஒரே அமர்வில்: அம்பையின் ‘அம்மா ஒரு கொலை செய்தாள்’, வண்ணநிலவனின் ‘எஸ்தர்’. முதலாவதில் வயதுக்கு வந்த சிறுமி அம்மாவுக்காகக் காத்திருக்கிறாள். தலைப்பிலுள்ள கொலை ஒரு சொல்லால் நடக்கிறது. இரண்டாவதில் பஞ்சத்தில் ஊரை விட்டுக் கிளம்பும் குடும்பம், கூட வர முடியாத பாட்டி. பாட்டி எப்படி இறந்தாள் என்று கதை நேராகச் சொல்வதில்லை. உங்கள் கூட்டத்தில் பாதிப் பேர் அதைக் கவனிக்காமல் கடந்துவிடவும் கூடும். கவனித்தவர்கள் உடனே உடைத்துச் சொல்லிவிடாமல், எந்த வரியில் சந்தேகம் வந்தது என்று பென்சிலால் ஓரக்குறி இட்டு வரச் சொல்லுங்கள். பத்துப் பேரின் குறிகளையும் ஒப்பிட்டாலே அந்த மாதக் கூட்டம் நிறைந்துவிடும்.

மூன்றாம் மாதத்துக்கு மட்டும் கூடுதல் நேரம் ஒதுக்குங்கள், முடிந்தால் மூன்று மணி நேரம். புதுமைப்பித்தனின் ‘சாப விமோசனம்’, 1943இல் வெளிவந்தது. கல் என்ற குறியீட்டுக்குத் தமிழில் இதைவிட அடர்த்தியான சிறுகதை கிடைப்பது அரிது. ராமாயணம் தெரியாமல் போனால் இந்தக் கதை கையில் அகப்படாது, ஆகவே முன்கூட்டியே மூன்று சங்கதிகளைச் சொல்லி வையுங்கள்: அகலிகைக்கு அவள் கணவர் கோதமர் இட்ட சாபம், பதினான்கு வருஷம் முடிந்தும் ராமன் வராவிட்டால் தீயில் இறங்குவதாகப் பரதன் சொன்னது, இலங்கையில் சீதை தீக்குளித்தது. அகலிகையும் ஒரு தாய்தான், ஜனகனின் புரோகிதர் சதானந்தர் அவள் மகன் என்பதும் நினைவில் இருக்கட்டும்.

அகலிகை கல்லானாள் என்பது வால்மீகியில் இல்லை. அங்கே அவள் காற்றை உண்டு, சாம்பலில் கிடந்து, யார் கண்ணுக்கும் தெரியாமல் இருக்கிறாள். தமிழில் பரிபாடலின் 19ஆம் பாட்டிலேயே, திருப்பரங்குன்றத்து ஓவியத்தைப் பார்க்கிறவர்கள் அவள் கல்லுருவானதைச் சுட்டிக்காட்டிப் பேசுகிறார்கள். கம்பனிலும் சாபம் கல்லாகத்தான் இறங்குகிறது. கண்ணுக்குத் தெரியாமல் போவதற்கும், எல்லோரும் பார்க்கக் கல்லாகக் கிடப்பதற்கும் உள்ள வித்தியாசத்தை ஒரு கால்மணி பேசலாம்.

வாசிக்கும்போது, சீதை அகலிகையைப் பார்க்க வருகிற இடத்துக்குச் சற்று முன்னால் நிறுத்துங்கள். காப்பி கொடுத்துவிட்டு, இனி என்ன நடக்கும் என்று கேளுங்கள். அப்புறம் மீதியை வாசியுங்கள். அகலிகை மறுபடி கல்லாகிறாள். (முடிவை இங்கே சொன்னதில் நஷ்டம் இல்லை, இந்தக் கதை முடிவு தெரிந்த பிறகுதான் சரியாக வாசிக்கக் கிடைக்கும்.) முதல் தடவை கல்லாக்கியது ஒரு முனிவனின் சொல். இரண்டாம் தடவை யாரும் சபிக்கவில்லை. அப்படியானால் இது தண்டனையா, ஒளிவிடமா, மறுப்பா? இங்கே ஒருமித்த பதில் வராது, வரவழைக்கவும் வேண்டாம். ராமனைக் குறை சொல்லலாமா என்ற வழக்காகப் பேச்சு திரும்பிவிடுவதுதான் இந்தக் கதையில் வழக்கமாக நேரும் கோளாறு. அப்போது பேச்சை அகலிகையின் பயத்துக்குக் கொண்டுபோங்கள்: விமோசனத்துக்குப் பிறகும் அவள் யார் யாருடைய எந்தெந்தச் சொல்லுக்கு நடுங்குகிறாள் என்று பக்கம் பார்த்துப் பட்டியல் எடுக்கச் சொன்னால் சூடு தணியும்.

நான்காம் மாதம் முதல் நாவல்: வண்ணநிலவனின் ‘கடல்புரத்தில்’, 1977. சின்ன நாவல், மொழி இறுக்கமில்லாமல் ஓடும். கடற்கரை ஊர், மீன் பிடிக்கிற பரதவர் வீடு. மகள் பிலோமி, தாய் மரியம்மை. தாய்க்கு ஊர் வாத்தியோடு இருக்கிற சிநேகம் ஊருக்கே தெரியும். இதை ரகசியம் என்று சொல்லலாமா என்று உங்களில் ஒருவர் கேட்க வேண்டும்.

ஐந்தாம் மாதம் தி. ஜானகிராமனின் ‘அம்மா வந்தாள்’, 1966. வேத பாடசாலைக்கு அனுப்பப்பட்ட மகன் அப்பு, தாய் அலங்காரத்தம்மாள். கல் இதில் இல்லை, ஆனாலும் தாயும் மகனும் மறைத்த சங்கதியும் இதைத் தாண்டி ஒரு பட்டியல் போட முடியாது. ஆறாம் மாதம் பெருமாள்முருகனின் ‘மாதொருபாகன்’, 2010. பிள்ளையில்லாத காளி, பொன்னா. திருச்செங்கோட்டு மலை உச்சியில் வறடிக்கல்லைப் (வறடி என்றால் பிள்ளையில்லாதவள்) பொன்னா சுற்றி வருகிற இடம். கீழே பள்ளம், கால் வைக்கக் கொஞ்சம் இடம். முதல் மாதம் நீங்கள் தொட்டுப் பார்த்த கல் பிள்ளையோடு செத்தவளுக்கு. இந்தக் கல் பிள்ளைக்காகச் சாகத் துணிந்தவளுக்கு. இரண்டையும் அருகருகே வைத்துப் பேசத்தான் இதைக் கடைசியில் வைத்திருக்கிறது. இது கொங்கு நாட்டுக் கதை, பேச்சு வேறு. முதல் இருபது பக்கம் தட்டும், பிறகு பழகிவிடும். நாவலை எதிர்த்த வழக்குகள் 2016இல் சென்னை உயர்நீதிமன்றத்தில் தள்ளுபடியாயின. அந்தச் சர்ச்சையைப் பேச ஆரம்பித்தால் நாவலைப் பேச நேரம் இருக்காது, ஆகவே அதற்குக் கடைசிப் பத்து நிமிடம் மட்டும்.

தலைப்பில் கல் இருக்கிறதே என்று பாளையங்கோட்டை ரா. சு. நல்லபெருமாளின் ‘கல்லுக்குள் ஈர’த்தைச் சேர்க்கச் சொல்லி யாராவது நச்சரிக்கலாம். நல்ல நாவல், ஆனால் அது விடுதலைப் போராட்டக் கதை. வேறு ஆண்டுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

நாவல் மாதங்களில் எல்லோருக்கும் ஒரு தாள் கொடுங்கள். குறுக்கே மூன்று கட்டம்: சங்கதி தெரிந்தவர், தெரியாதவர், தெரிந்தும் தெரியாததுபோல் இருப்பவர். வாசிக்க வாசிக்கப் பெயரும் பக்க எண்ணும் எழுதி வரட்டும். ‘மாதொருபாகனி’ல் வீட்டுப் பெரியவர்களுக்கெல்லாம் தெரிந்தது காளிக்குத் தெரியாது. ‘அம்மா வந்தாளி’ல் அப்புவைத் தவிர வீடே அறியும். ‘கடல்புரத்தி’ல் இரண்டாம் கட்டம் கிட்டத்தட்டக் காலியாகவே கிடக்கும். மூன்று தாளையும் அடுக்கிப் பார்த்தால், என்ன மறைத்தார்கள் என்பதைவிட யாரிடமிருந்து மறைத்தார்கள் என்பதில்தான் குடும்பக் கதை நடக்கிறது என்று நீங்களே கண்டுபிடிப்பீர்கள். மூன்றாம் கட்டத்தில் பெரும்பாலும் தாய்மார் பெயர் விழும், அல்லது ஒன்றும் அறியாத வயது என்று பெரியவர்கள் நினைத்துக்கொண்ட பிள்ளைகள் பெயர்.

கூட்டத்தில் கெட்டுப்போவது பெரும்பாலும் இரண்டு இடத்தில். ஒன்று, தாய் செய்தது சரியா தப்பா என்ற பஞ்சாயத்து. அந்தக் கேள்வியைக் கடைசிக் கால்மணி நேரத்துக்குத் தள்ளி வையுங்கள். அதற்குள் அது தானாகவே மங்கிவிடும். மற்றது, கதையிலிருந்து சொந்த வீட்டுக்குத் தாவுவது. பத்துப் பேர் ஒரே ஊர் என்றால் அத்தையும் மருமகளும், மதினியும் நாத்தனாரும் ஒரே பாயில்தான் உட்கார்ந்திருப்பார்கள். ஒருத்தி தன் வீட்டுச் சங்கதி என்று நினைத்துச் சொல்வது அங்கேயே இன்னொருத்தியின் சங்கதியாகவும் இருக்கும். ஆகவே கூட்டம் நடக்கும்போது பாத்திரத்தின் பெயரைச் சொல்லித்தான் பேச வேண்டும், ‘எங்க வீட்ல’ என்று தொடங்கக் கூடாது என்று முதல் நாளே ஒப்புக்கொள்ளுங்கள். மனசுக்குள் அழுத்துகிறவர்கள் காப்பி நேரத்தில் விருப்பமான ஒருவரிடம் சொல்லிக்கொள்ளலாம். உங்கள் வட்டத்தில் பிள்ளையில்லாதவரோ கரு கலைந்தவரோ இருந்தால், ஆறாம் மாதப் புத்தகம் எதைப் பற்றியது என்று ஐந்தாம் மாதமே தனியாகச் சொல்லிவிடுங்கள். அவர் வராவிட்டால் ஏன் என்று கேட்க வேண்டாம்.

புத்தகங்கள்: புதுமைப்பித்தன் நாட்டுடைமை ஆனவர், இணையத்தில் கதை இலவசமாகக் கிடைக்கும். ஆனால் தட்டச்சுப் பிழைகள் மலிந்த படிகளும் சுற்றுகின்றன; உரக்க வாசிப்பவருக்காவது ஆ. இரா. வேங்கடாசலபதி பதிப்பித்த தொகுப்பு ஒன்று வேண்டும். பாளையங்கோட்டை மாவட்ட மைய நூலகத்தில் முதலில் கேட்டுவிட்டுப் பிறகு வாங்குங்கள். ‘கடல்புரத்தி’லுக்குப் பத்துப் பேருக்கு நான்கு படி போதும்: ஒரு படிக்கு இரண்டு மூன்று பேர், ஆளுக்குப் பத்து நாள். மற்ற இரண்டு நாவலும் இருநூறு பக்கத்தை ஒட்டியவை, ஐந்து படி எடுங்கள், ஆளுக்குப் பதினைந்து நாள், நாளொன்றுக்குப் பதினாலு பக்கம் வரும். நாவல் பழகாத நால்வருக்கு முதல் முறையில் கொடுங்கள். கடைசி முறையில் வாங்குகிறவர்கள்தான் பாதியில் விட்டுவிட்டுக் கூட்டத்துக்கு வருவார்கள்.